உத்தரவு போட்டால் போதுமா, ஊருக்குச் சொல்ல வேண்டாமா?

கேள்வி: குரூப் 1 தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறேன். அனௌன்ஸ், டிக்ளேர், ப்ரொக்ளெய்ம், ப்ராமல்கேட் என்ற நான்கு சொற்களுக்கும் என்னிடம் உள்ள அகராதியில் ‘அறிவி’ என்றே போட்டிருக்கிறது. ஆனால் நம் அரசியல் சட்டத்தில் குடியரசுத் தலைவர் ஆர்டினன்ஸை, அதாவது அவசரச் சட்டத்தை, ‘ப்ராமல்கேட்’தான் செய்கிறார். அனௌன்ஸ் செய்தால் ஆகாதா? (அருப்புக்கோட்டையிலிருந்து ஒரு வாசகி)

பதில்: ஆகாது, அம்மா. ஏன் ஆகாது என்பது எனக்கே ஒருவரிடம் வாங்கிக் கட்டிக்கொண்ட பிறகுதான் புரிந்தது. அந்தக் கதையிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

1980களின் நடுவில் தென்மாவட்டத்துக் கோர்ட் ஒன்றில் மொழிபெயர்ப்பாளராகச் சேர்ந்திருந்தேன். சாட்சிகள் தமிழில் சொன்னதை மேல்கோர்ட்டுக்காக இங்கிலீஷில் ஆக்கித் தரும் வேலை. சேர்ந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. அப்போது ஒரு கிராமத்தில் கோயில் கொடையில் தகராறு வரும்போல இருந்ததால் தாசில்தார் 144 போட்டார். மறுநாள் ராத்திரி ஐந்து பேர் சப்பரத்தைத் தூக்கிவிட்டார்கள். தடை உத்தரவை மீறியதாக வழக்கு. அன்றைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் அதற்கு 188ஆவது பிரிவு. ஐந்து பேருக்கும் அபராதம் விழுந்து, வழக்கு அப்பீலுக்குப் போயிருந்தது.

அந்த ஊர் கிராம நிர்வாக அலுவலர் சாட்சிக் கூண்டில் சொன்னது இவ்வளவுதான்: “தாசில்தார் ஐயா தடை உத்தரவு போட்டாங்க. நான் ஆபீசுல வாங்கி வச்சேன்.”

இதை நான் எப்படி இங்கிலீஷில் எழுதினேன்? ‘தாசில்தார் ப்ராமல்கேட் செய்தார்’ என்று. ‘இஷ்யூ செய்தார்’ என்று எழுதினால் ரொம்பச் சப்பென்று இருப்பதாகப் பட்டது. 188ஆவது பிரிவை எடுத்துப் பார்த்தேன், அதில் அந்தப் பெரிய சொல் இரண்டு இடத்தில் இருந்தது. சட்டமே சொல்கிற சொல், நாம் சொன்னால் என்ன என்று போட்டுவிட்டேன். அன்றைக்குப் பூரா கொஞ்சம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டுதான் நடந்தேன்.

இரண்டு வாரம் கழித்து அந்த ஐந்து பேர் தரப்பு வக்கீல் நேராக என் மேஜைக்கு வந்தார். வயதானவர், கோபப்படத் தெரியாதவர் என்று பெயர்.

“தம்பி, சாட்சி என்ன சொன்னார்?”

“தாசில்தார் உத்தரவு போட்டாங்கன்னு சொன்னார் சார்.”

“ஊருக்குச் சொன்னாங்கன்னு சொன்னாரா?”

“இல்லை சார்.”

“அப்போ நீங்க எதுக்குத் தம்பி தண்டோரா போட்டீங்க?”

எனக்கு ஒன்றும் ஓடவில்லை. பக்கத்து மேஜையில் இருந்த சிரஸ்தார்தான், கோர்ட் ஆபீசுக்குத் தலைவர் அவர், எழுந்து வந்து தாளை வாங்கிப் பார்த்தார். ‘ப்ராமல்கேட்’டைச் சிவப்பு மையால் அடித்து, மேலே ‘இஷ்யூ’ என்று எழுதி, ஓரத்தில் சுருக்கொப்பம் போட்டுவிட்டு, “இந்த ஒரு வார்த்தையில அஞ்சு பேருக்கும் தண்டனையை ஊர்ஜிதம் பண்ணிட்டியே” என்றார்.

விஷயம் என்னவென்றால், 188 என்ன சொல்கிறது? ஒரு அரசு ஊழியர் முறைப்படி ‘ப்ராமல்கேட்’ செய்த உத்தரவை, அப்படி ஒன்று இருப்பது தெரிந்தே மீறினால்தான் குற்றம். தாசில்தார் கையெழுத்துப் போட்டது போதாது. அது ஊருக்குப் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். சாவடியில் ஒட்டினார்களா, தமுக்கு அடித்துச் சொன்னார்களா, அந்த ஐவரிடமும் நேரில் கொடுத்தார்களா? சாட்சியம் இல்லை. உத்தரவு கிராம நிர்வாக அலுவலரின் மேஜை டிராயரில் தூங்கியிருக்கிறது. அப்பீலில் ஐந்து பேரும் விடுதலையானார்கள். 2024 ஜூலை 1 முதல் 188 போய், பாரதிய நியாய சன்ஹிதாவில் 223 வந்துவிட்டது. எண் மாறியது, தண்டனையும் கூடியது, ‘ப்ராமல்கேட்’ மட்டும் அப்படியே உட்கார்ந்திருக்கிறது.

இப்போது உங்கள் நான்கு சொற்களுக்கு வருவோம். அனௌன்ஸ் என்பது வெறும் தகவல். ரயில் இரண்டாவது பிளாட்பாரத்துக்கு வரும் என்று சொல்வது. சொன்னவர் வாய் மூடியதும் அதன் வேலை முடிந்தது. சொல்லாமல் விட்டாலும் ரயில் வரத்தான் போகிறது. டிக்ளேர் அப்படி இல்லை. தேர்தல் அதிகாரி ‘இன்னார் வெற்றி’ என்று டிக்ளேர் செய்கிற அந்த நிமிஷத்தில்தான் அவர் எம்.எல்.ஏ. கிரிக்கெட்டில் கேப்டன் டிக்ளேர் செய்தால் இன்னிங்ஸ் அங்கேயே முடிந்தது. சொல்வதும் செய்வதும் ஒன்றாகிவிடுகிற சொல் அது. ப்ரொக்ளெய்மில் சத்தம் அதிகம், கொஞ்சம் ஜரிகையும் உண்டு. மன்னர் பட்டமேற்றதைச் சொல்வது, நாட்டின் விடுதலையைச் சொல்வது, நெருக்கடி நிலையைச் சொல்வது. அரசியல் சட்டம் 352ஆவது உறுப்பில் நெருக்கடி நிலைக்கு ‘ப்ரொக்ளமேஷன்’ என்ற சொல்லைத்தான் வைத்திருக்கிறது.

ப்ராமல்கேட்டுக்கு ஒரு தாள் வேண்டும். சட்டமோ, விதியோ, உத்தரவோ, எழுத்தில் ஒன்று முதலில் இருக்க வேண்டும். அதை ஊர் அறிய வெளியே வைப்பதால் அது ஊரைக் கட்டுப்படுத்தத் தொடங்க வேண்டும். இந்த இரண்டும் சேர்ந்தால்தான் அந்தச் சொல். தாள் இருந்து ஊருக்குத் தெரியாவிட்டால் அது டிராயர் உத்தரவு. ஊருக்குத் தெரிந்து தாள் இல்லாவிட்டால் அது டீக்கடைப் பேச்சு.

அரசியல் சட்டத்தின் 123ஆவது உறுப்பு குடியரசுத் தலைவருக்கும், 213ஆவது ஆளுநருக்கும் ஆர்டினன்ஸ் அதிகாரம் தருகின்றன. நாடாளுமன்றம் போடும் சட்டத்துக்கு நம் நாட்டு இங்கிலீஷில் வேறு சொற்கள் உண்டு. இரண்டு அவைகளும் அதை ‘பாஸ்’ செய்கின்றன, குடியரசுத் தலைவர் ‘அஸெண்ட்’ தருகிறார், அரசு ‘நோட்டிஃபை’ செய்கிறது. அந்தச் சட்டம் அவையில் வாதாடப்பட்டு, பத்திரிகையில் வந்து, நாலு பேர் திட்டி, ஊருக்கு முன்னமே தெரிந்துபோன ஒன்று. ஆர்டினன்ஸ் அப்படி வருவதில்லை. அவை கூடாத நேரத்தில், விவாதம் எதுவும் இல்லாமல், ஒரே கையெழுத்தில் வருகிறது. அது வெளியே தெரிய வரும் கணமும் சட்டமாகும் கணமும் ஏறக்குறைய ஒன்றுதான். ப்ராமல்கேட் அங்கே கச்சிதமாகப் பொருந்துவது அதனால்தான் என்பது என் எண்ணம். பிரான்சில் வழக்கம் வேறு. அங்கே நாடாளுமன்றம் நிறைவேற்றிய சாதாரணச் சட்டத்தையும் ஜனாதிபதி 15 நாளுக்குள் ‘ப்ராமல்கேட்’ செய்ய வேண்டும் என்று 1958ஆம் வருஷத்து அரசியல் சட்டம் சொல்கிறது. தேர்வில் இதைக் கேட்க மாட்டார்கள், ஆனாலும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ‘ஊருக்குச் சொன்னால்தான் சட்டம்’ என்று போன மாதம் இந்தப் பக்கத்தில் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். சட்டம் தெரியாது என்பது சாக்கு ஆகாது என்றல்லவா நாங்கள் படித்தோம்? (தென்காசியிலிருந்து ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்)

பதில்: ஐயா, இரண்டும் சரி. எனக்குத் தெரியாது என்று நீங்கள் சொல்ல முடியாது. ஆனால் தெரிந்துகொள்ள வழியே வைக்காமல் என்னைத் தண்டிக்கவும் முடியாது. இதற்கு நம் உச்ச நீதிமன்றத்தில் ஒரு வழக்கு உண்டு. எனக்குச் சலிக்காத வழக்கு, அதனால் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜெய்ப்பூர் சமஸ்தானத்தில் மகாராஜா சிறுவனாக இருந்த காலம். ஆட்சியை ஒரு மந்திரி சபை பார்த்துக்கொண்டது. 1923 டிசம்பர் 11 அன்று அந்தச் சபை ஒரு அறையில் கூடி, ஜெய்ப்பூர் அபினிச் சட்டம் என்று ஒரு தீர்மானம் போட்டது. போட்டதோடு சரி. அரசிதழில் வரவில்லை, முச்சந்தியில் ஒட்டவில்லை, யாரும் வாய்விட்டும் சொல்லவில்லை. 1938ல் அதே சட்டத்தைத் தூசி தட்டி எடுத்து, ‘இது 1924 செப்டம்பர் 1 முதல் அமலில் இருக்கிறது’ என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். பிள்ளைக்குப் பதினாலு வயசான பிறகு பிறந்த தேதியை எழுதி வைத்த மாதிரி. பிற்பாடு ஹர்லா என்ற ஒருவரை அந்தச் சட்டத்தில் பிடித்து 50 ரூபாய் அபராதம் போட்டார்கள்.

வெறும் 50 ரூபாய். அது உச்ச நீதிமன்றம் வரை வந்தது. 1951 செப்டம்பரில் தீர்ப்பு எழுதியவர் நீதிபதி விவியன் போஸ். மக்கள் எட்டிப் பார்க்கவே முடியாத ஓர் அறைக்குள் ரகசியமாக எடுத்த முடிவைக் கொண்டு ஒருவனைத் தண்டிப்பது நாகரிக மனிதனின் மனசாட்சியை உலுக்கும் என்ற பொருளில் எழுதினார். எந்த விதத்தில் என்பது இடத்துக்கு இடம் மாறலாம், ஆனால் நியாயமான ஏதோ ஒரு விதத்தில் ‘ப்ராமல்கேஷன்’ நடந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் அது சட்டமே இல்லை என்றார். அபராதம் ரத்து. அந்தத் தீர்ப்பை இங்கிலீஷில் படிக்க வாய்ப்பிருந்தால் படியுங்கள். நாலைந்து பக்கம்தான். கோர்ட் இங்கிலீஷ் இவ்வளவு சுத்தமாக இருக்க முடியுமா என்று தோன்றும்.

இதற்கு நேர் எதிராக இன்னொன்று. 1962 நவம்பர் 27 அன்று ஒரு ஜெர்மன்காரர் ஜூரிச்சில் விமானம் ஏறினார். மணிலாவுக்குப் போகிறவர். சட்டைக்குள்ளே ஒரு ஜாக்கெட், அதில் 34 கிலோ தங்கம். மறுநாள் விடியற்காலை விமானம் பம்பாயில் நின்றது. அவர் இறங்கவே இல்லை, சீட்டிலேயே உட்கார்ந்திருந்தார். சுங்க அதிகாரிகள் உள்ளே ஏறிப் பிடித்துவிட்டார்கள். இந்தியா வழியாக இப்படித் தங்கம் கொண்டுபோவதைக் கட்டுப்படுத்தி ரிசர்வ் வங்கி வெளியிட்ட புதிய அறிவிப்பு இந்திய அரசிதழில் வந்தது நவம்பர் 24. அவர் கிளம்புவதற்கு மூன்று நாள் முன்னால். ஜூரிச்சில் இருந்த எனக்கு உங்கள் அரசிதழ் எப்படித் தெரியும் என்று கேட்டார். ஹைகோர்ட் அவரை விட்டுவிட்டது. உச்ச நீதிமன்றத்தில் பெரும்பான்மை நீதிபதிகள் விடவில்லை. இந்த நாட்டில் வழக்கமாக வெளியிடும் இடத்தில் வெளியிட்டாகிவிட்டது, அது போதும், உலகத்தில் ஒவ்வொருவர் வீட்டுக் கதவையும் போய்த் தட்ட வேண்டியதில்லை என்றார்கள். ஆனால் அதுவரை உள்ளே இருந்த காலமே தண்டனையாகப் போதும் என்று முடித்தார்கள்.

34 கிலோவை மாட்டிக்கொண்டு மனுஷன் எப்படி உட்கார்ந்திருந்தார் என்பதுதான் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்.

கேள்வி: ப்ராமல்கேட் என்ற சொல்லுக்குத் தமிழில் ‘பிறப்பித்தார்’, ‘பிரகடனம் செய்தார்’, ‘வெளியிட்டார்’, ‘அமல்படுத்தினார்’ என்று ஆளுக்கொன்று எழுதுகிறார்கள். எது சரி? (கோவையில் ஒரு நாளிதழில் வேலை பார்க்கும் உதவி ஆசிரியர்)

பதில்: அவசரச் சட்டம் என்றால் ‘பிறப்பித்தார்’ நிலைத்துவிட்டது. 2017 ஜனவரி 21 அன்று ஆளுநர் ஜல்லிக்கட்டு அவசரச் சட்டத்தைப் பிறப்பித்தார் என்றுதான் அன்றைக்குச் செய்தி. அப்படியே எழுதுங்கள். ‘அமல்’ வேண்டவே வேண்டாம், அது அடுத்த கட்டம். அன்று சாயங்காலம் எங்கள் தெருப் பையன் ஒருவன், “தாத்தா, பிறப்பிச்சாச்சாம், இன்னிக்கே மாடு அவுத்துடலாமா?” என்று கேட்டான். மெரினாவில் உட்கார்ந்திருந்தவர்களுக்கோ சட்டம் பிறந்தது போதவில்லை, கொஞ்ச நாளில் செத்துப்போகாத சட்டமாக வேண்டும் என்றார்கள். 23ஆம் தேதி சட்டமன்றம் கூடி மசோதாவாகவே நிறைவேற்றியது. பிறப்பு, ஆயுள், சாவு என்று ஊரே பேசிய நாட்கள் அவை. ‘பிறப்பித்தல்’ என்ற சொல் எவ்வளவு பொருத்தம் என்று அப்போது பட்டது.

ஆனால் அதில் ஒரு குறை உண்டு. பிறந்தது தெரிகிறது, ஊருக்குச் சொன்னது தெரியவில்லை. என் கிராம நிர்வாக அலுவலரின் டிராயரில் கிடந்த உத்தரவும் ‘பிறப்பிக்கப்பட்ட’ உத்தரவுதானே. ‘வெளியிட்டார்’ என்றால் சொன்னது தெரிகிறது, சட்டத்தின் பிடி தெரியவில்லை. நாவலையும் வெளியிடுகிறார்கள், இசைத்தட்டையும் வெளியிடுகிறார்கள். ‘பிரகடன’த்தை ப்ரொக்ளெய்முக்கு விட்டுவிடலாம்.

இரண்டையும் ஒன்றாகப் பிடிக்கிற சொல் நம்மிடம் பழையது ஒன்று இருக்கிறது: சாற்றுதல். ‘பறைசாற்று’ என்று இன்றைக்கும் சொல்கிறோம். ஆனால் வாயால் கொண்டாட்டமாகச் சொல்வதற்கே அதைக் கரைத்துவிட்டோம். ‘தமிழர் வீரத்தைப் பறைசாற்றுகிறது’ என்று மேடையில் பேசிப் பேசி அந்தச் சொல்லுக்கு மூச்சு வாங்குகிறது. அதன் ஆதி வேலை அரசன் சொன்னதை, தேதி குறித்து, தெருத் தெருவாகக் கொண்டுபோய்ச் சேர்ப்பது. மணிமேகலையின் முதல் காதைக்குப் பெயரே விழாவறை காதை. யானையின் பிடரியில் முரசை ஏற்றி, இந்திர விழா நடக்கப் போகிறது, ஊரை இப்படி இப்படி அலங்கரியுங்கள் என்று புகாரில் அறைந்து சொல்கிறார்கள். விழா என்ற செய்தி மட்டும் இல்லை அது, ஊராருக்கு வேலைப் பட்டியலும்கூட. ப்ராமல்கேட்டுக்கு இதைவிடச் சுத்தமான படம் எனக்குத் தெரியாது.

‘பறை’ என்ற சொல்லையே பாருங்கள். தோல்கருவியும் அதுதான், பேசுவதும் அதுதான். கன்னியாகுமரிப் பக்கமும் யாழ்ப்பாணத்திலும் ‘பறைதல்’ என்றால் சும்மா பேசுவது. வள்ளுவர் ரகசியம் காக்கத் தெரியாத கயவனை ‘அறைபறை’ என்கிறார். அடிக்க அடிக்கச் சத்தம், உள்ளே இருப்பது எல்லாம் வெளியே.

பறை என்றதும் ஒன்றைச் சொல்லாமல் விட முடியாது. சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 21, ரூல் 54 என்று ஒன்று. கடனுக்காக ஒருவரின் நிலத்தை ஜப்தி செய்தால், அந்த நிலத்திலோ பக்கத்திலோ பறையடித்தோ அந்த ஊர் வழக்கப்படி வேறு விதமாகவோ சொல்ல வேண்டும், நகலை அங்கே பார்வையான இடத்தில் ஒட்ட வேண்டும், கோர்ட்டிலும் ஒட்ட வேண்டும். ஒருமுறை இப்படி ஒரு ஜப்தியைப் பார்க்க, கோர்ட் உத்தரவை நேரில் போய் நிறைவேற்றுகிற ஊழியரான அமீனாவோடு நானும் பஸ் ஏறினேன். மொழிபெயர்க்கிறவன் ஒரு தடவையாவது பார்க்க வேண்டும் என்று சிரஸ்தார்தான் அனுப்பினார், அந்தத் தண்டோராக் கதைக்குப் பிறகு.

சித்திரை வெயில். அறுப்பு முடிந்த வயல். அமீனா வரப்பில் நின்று தாளை ஒரு முறை முணுமுணுவென்று படித்தார். பறையடிக்க வந்தவர் வயதானவர். வைக்கோலைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சி, விரலால் தட்டிப் பார்த்துவிட்டு, மூன்று முறை அடித்தார். பிறகு சர்வே நம்பர், ஏக்கர், கடன்காரர் பெயர், ‘இனிமே யாரும் இந்த நிலத்தை வாங்கவோ விக்கவோ கூடாது சாமியோவ்’ என்று ராகமாகச் சொன்னார். கேட்டது யார்? ஆடு மேய்த்த ஒரு பையன், கிணற்றில் தண்ணீர் இறைத்த இரண்டு பெண்கள், ஆடுகள். நகலைப் பசை தடவி பம்ப்செட் ரூம் கதவில் ஒட்டினார்கள். காற்றில் ஒரு மூலை உடனே எழும்பிவிட்டது. அமீனா அதன் மேல் கட்டைவிரலை வைத்து ரொம்ப நேரம் அழுத்திக்கொண்டு நின்றார். பிறகு அந்த இரண்டு பெண்களிடம் சாட்சிக் கைநாட்டு வாங்கி, பறையடித்தவருக்குக் கூலி கொடுத்து, அதற்கும் கைநாட்டு வாங்கினார்.

“மூணு பேரு கேட்டா போதுமா?” என்று கேட்டேன்.

“சாயங்காலத்துக்குள்ள முந்நூறு பேருக்குத் தெரிஞ்சிரும். வாங்க, பஸ்ஸு போயிரும்” என்றார்.

அந்தப் பறையைத் தூக்கித் திரிந்தவர்கள் யார் என்பது நம் எல்லோருக்கும் தெரியும். அது விரும்பிச் செய்த வேலை இல்லை, பிறப்பைக் காட்டித் தலையில் கட்டிய வேலை. 2022 ஆகஸ்டில் தமிழ்நாடு அரசு தண்டோரா போடும் முறையை விட்டுவிட்டு, வண்டியில் ஒலிபெருக்கி கட்டிச் சொல்லுங்கள் என்று மாவட்ட ஆட்சியர்களுக்கு எழுதியது. எப்போதோ எழுதியிருக்க வேண்டியது.

சரி, உங்கள் கேள்விக்கு. அவசரச் சட்டத்துக்கு ‘பிறப்பித்தார்’. விதி, உத்தரவு என்று வந்து, ஊருக்குத் தெரிவித்ததுதான் விஷயம் என்றால் ‘முறைப்படி வெளியிட்டு அறிவித்தார்’ என்று நீட்டி எழுதுங்கள். நீளத்துக்குப் பயப்படாதீர்கள். ஒரு சொல்லில் அடக்கப் போய்த்தான் நான் மாட்டிக்கொண்டேன்.

கேள்வி: ‘ரீ-ப்ராமல்கேட்’ என்று ஒரு சொல்லைச் செய்தியில் பார்த்தேன். சொன்னதையே திரும்பச் சொல்வதா? (மதுரை, சட்டக் கல்லூரி மாணவர்)

பதில்: செத்ததைத் திரும்பப் பிறப்பிப்பது! அவசரச் சட்டத்தின் ஆயுள், சபை மறுபடி கூடி ஆறு வாரம். அதற்குள் சபை ஏற்றுச் சட்டமாக்காவிட்டால் போயிற்று. போனதை அப்படியே எடுத்து, புதுத் தேதி போட்டு மறுபடி பிறப்பித்தால் அது ரீ-ப்ராமல்கேஷன்.

இதில் பீகார்தான் பேர் வாங்கியது. புனேயில் கோகலே ஆய்வு நிறுவனத்தில் இருந்த பொருளாதாரப் பேராசிரியர் டி.சி. வாத்வா அங்கே நில உரிமை பற்றி ஆராயப் போன இடத்தில், ஒரே சட்டம் வருஷா வருஷம் புதுசு போல அரசிதழில் வருவதைப் பார்த்தார். உட்கார்ந்து எண்ணினார். 1967 முதல் 1981 வரை 256 அவசரச் சட்டங்கள். சில பதினாலு வருஷம் வரை இப்படியே இழுத்துக்கொண்டு உயிரோடு இருந்தன. 1976 ஜனவரி 18 என்ற ஒரே நாளில் மட்டும் 50. வழக்குப் போட்டார். 1986 டிசம்பரில் தலைமை நீதிபதி பகவதி தலைமையிலான அமர்வு, இது அரசியல் சட்டத்தின் மேல் செய்யும் மோசடி என்றது. பேராசிரியருக்குச் செலவுத் தொகையாக 10,000 ரூபாய் தரச் சொன்னது. 2017 ஜனவரியில் ஏழு நீதிபதிகள் அமர்வு, அதுவும் பீகாரிலிருந்து வந்த வழக்கில்தான், இதையே இன்னும் அழுத்திச் சொன்னது.

கேள்வி: சட்டம் இல்லாத இடத்தில் இந்தச் சொல்லைப் பயன்படுத்தக் கூடாதா? (நாகர்கோவில் வாசகி)

பதில்: கருத்து, கோட்பாடு, மதம் இவற்றைப் பரப்புவதற்கும் உண்டு. ஆனால் அங்கேயும் கொஞ்சம் அதிகார வாசனை இருந்தால்தான் ஒட்டும். அசோகர் தம்மக் கல்வெட்டுகளை ப்ராமல்கேட் செய்தார் என்று வரலாற்றாசிரியர்கள் எழுதுவது அதனால்தான் அழகாக இருக்கிறது. கல்லில் வெட்டிவிட்டு அவர் சும்மா இருக்கவில்லை. ஒடிசாவில் தவுலி, ஜவுகடா என்ற இரண்டு இடங்களிலும் உள்ள தனிக் கல்வெட்டுகளில், இதைத் திஷ்ய நட்சத்திரத்து நாட்களில் வாசித்துக் காட்ட வேண்டும், கேட்க ஒரே ஒருவர் இருந்தாலும் வாசிக்கலாம் என்று எழுதி வைத்திருக்கிறார். திஷ்யம் என்பது நம்முடைய பூசம். என் அமீனாவுக்கு அசோகரைத் தெரிந்திருந்தால் மூன்று பேருக்காக அன்றைக்கு நான் கேட்ட கேள்விக்கு அங்கேயே பதில் சொல்லியிருப்பார்.

ரோமில் இந்தச் சொல்லின் மூலத்துக்குப் பொருள் இன்னும் வேறு. மசோதாவை ஓட்டுக்கு விடுவதற்கு முன்னால், மூன்று சந்தை நாள் கழியும் அளவுக்கு ஊர் பார்க்க வைப்பது. சட்டம் ஆவதற்கு முன்பே சொல்லிவிடுவார்கள். நம் கைக்கு வரும்போது முன்னது பின்னதாகிவிட்டது.

கேள்வி: உச்சரிப்பு? (திருச்சி வாசகர்)

பதில்: அழுத்தம் முதலில். ‘ப்ரா’வில் அழுத்தி, ‘மல்’லை விழுங்கி, ‘கேட்’டில் முடியுங்கள். பெயர்ச்சொல்லாக்கும்போது அழுத்தம் நகர்ந்து ‘கே’யில் விழும், ப்ராமல்கேஷன். ‘ப்ரோ-மல்கேட்’ என்று நடுவில் போட்டு அடிக்கிறவர்களைக் கோர்ட்டில் நிறையக் கேட்டிருக்கிறேன். வழக்கு அதனால் தோற்றதில்லை.

கேள்வி: எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்புச் சங்கத்துக்கு நான் செயலாளர். தண்ணீர் நேரத்தை மாற்றி, இங்கிலீஷில் ‘கமிட்டி ஹியர்பை ப்ராமல்கேட்ஸ்’ என்று நோட்டீஸ் அடித்தேன். வாட்ஸ்அப் குரூப்பில் சிரிக்கிறார்கள். ஒருவர் எனக்குக் கிரீடம் வைத்த படம் போட்டிருக்கிறார். நான் செய்தது தப்பா? (சேலம்)

பதில்: இலக்கணப்படி தப்பில்லை. தாள் இருக்கிறது, கமிட்டிக்கு அதிகாரம் இருக்கிறது, ஊருக்குச் சொல்லியாகிவிட்டது. ஆனால் குழாயடிக்குப் பட்டு வேட்டி கட்டிக்கொண்டு போனால் சிரிக்கத்தான் செய்வார்கள். என் முதல் ‘ப்ராமல்கேட்’டும் பட்டு வேட்டிதான், அதனால் உங்கள் மேல் எனக்குக் கோபம் இல்லை. ‘ஹியர்பை’யையும் எடுத்துவிடுங்கள்.

தமிழில் இப்படிப் போடலாம்: ‘வரும் திங்கள் முதல் தண்ணீர் காலை 6 முதல் 8 வரை, மாலை 5 முதல் 6 வரை வரும். செயலாளர்.’ லிஃப்டுக்குப் பக்கத்தில் கண்மட்டத்தில் ஒட்டுங்கள். நாலு மூலையிலும் டேப் வையுங்கள். வாட்ஸ்அப் பார்க்காத பெரியவர்கள் யாராவது மேல்மாடியில் இருப்பார்கள், அவர்கள் வீட்டுக்குப் படியேறிப் போய் வாயால் ஒரு தடவை சொல்லிவிட்டு வந்துவிடுங்கள்.